நான்கு முறை மாறிய தலைப்பு

கேள்வி: பிஎச்.டி. சேர்ந்து ஐந்தரை ஆண்டுகள் ஆகின்றன. நான்கு ஆண்டுகளில் முடித்துவிடலாம் என்று நினைத்துத்தான் சேர்ந்தேன். மூன்றாம் ஆண்டில் ஆய்வகத்தின் ஃப்ரீசர் ஓர் இரவில் பழுதாகி, 14 மாதம் சேர்த்த மாதிரிகள் அத்தனையும் வீணாயின. மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தேன். அதை வைத்து எழுதிய கட்டுரையை இரண்டு ஆய்விதழ்கள் திருப்பி அனுப்பிவிட்டன. என்னோடு சேர்ந்தவர்களில் நான் மட்டும்தான் இன்னும் இங்கே இருக்கிறேன். அப்பா “போதும்மா, விட்டுடு” என்கிறார். அம்மா “இவ்வளவு தூரம் வந்துட்டு விடுறதா?” என்கிறார். இருவர் சொல்வதும் எனக்குச் சரியாகவே படுகிறது. நெறியாளரை நேருக்கு நேர் பார்த்து ஆறு வாரம் ஆகிறது. அவர் வரும் நேரம் பார்த்து நான் கிளம்பிவிடுகிறேன். காலையிலிருந்து லேப்டாப் முன்னால்தான் உட்கார்ந்திருக்கிறேன். இரவு பார்த்தால் ஒன்றும் நடந்திருப்பதில்லை. போன வாரம் முழுக்க மூன்றாம் அத்தியாயத்தின் தலைப்பை மட்டும் நான்கு முறை மாற்றினேன். சாதித்தவர்களின் கதைகளை எடுத்துப் படித்தேன். அவர்களுக்கு இருந்த உறுதி எனக்கு இல்லை என்பதுதான் தெரிந்தது. தொடர்வதற்கான தெம்பு எங்கிருந்து வரும்? இல்லை, தெம்பு வரவில்லை என்பதே விட்டுவிட வேண்டும் என்பதற்கு அடையாளமா?

— பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்:

அன்புள்ள வாசகிக்கு,

கடைசிக் கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். தெம்பு இல்லை என்பது விட்டுவிட வேண்டும் என்பதற்கு அடையாளமில்லை. தொடர வேண்டும் என்பதற்கும் அடையாளமில்லை. நீங்கள் களைத்துப்போயிருக்கிறீர்கள், அவ்வளவுதான் அதிலிருந்து தெரிகிறது. நடந்து நடந்து கால் வலிக்கிறது என்றால் வலிப்பது கால்தான். போகிற வழி சரியா தப்பா என்பது காலுக்குத் தெரியாது. ஆலோசனைக்காக என் அறைக்கு வருகிறவர்களில் பலர் இந்த இரண்டையும் ஒன்றாக முடிச்சுப் போட்டுக்கொண்டுதான் வருகிறார்கள். முடிச்சை அவிழ்க்கவே சில நாட்கள் ஆகிவிடும். உங்கள் கடிதத்தில் அந்த முடிச்சை நீங்களே கேள்வியாகக் கேட்டுவிட்டதால் எனக்கு வேலை பாதி மிச்சம்.

மேலே போகும் முன் ஒன்று கேட்க வேண்டும். இரண்டு வாரத்துக்கு மேலாக, கிட்டத்தட்ட தினமும், எதிலும் ஈடுபாடு இல்லாமல் இருக்கிறதா? ஆய்வில் மட்டுமல்ல, முன்பு பிடித்த பாட்டு, பேச்சு, நண்பர்கள் எதிலும்? தூக்கமும் பசியும் மாறிவிட்டனவா? செத்துவிட்டால் தேவலை என்ற எண்ணம் வந்து போகிறதா? இவற்றுக்கு ஆம் என்றால், மீதியைப் பிறகு படித்துக்கொள்ளலாம், முதலில் ஒரு மருத்துவரைப் பாருங்கள். கடைசிக் கேள்விக்கு ஆம் என்றால் இன்றைக்கே, வீட்டில் ஒருவரிடம் சொல்லிவிட்டு, அவரையும் கூட்டிக்கொண்டு போங்கள். நான் பயமுறுத்துவதாக நினைக்க வேண்டாம். பெல்ஜியத்தின் ஃபிளாண்டர்ஸ் பகுதியில் 3,659 முனைவர் பட்ட மாணவர்களிடம் நடத்திய ஆய்வு ஒன்று 2017-இல் வெளிவந்தது. ஏறத்தாழ மூன்றில் ஒருவர் மனநலப் பாதிப்புக்கு, குறிப்பாக மனச்சோர்வுக்கு, ஆளாகும் அபாயத்தில் இருந்தார். உங்கள் நிலையில் இருப்பவர்களுக்கு இது அபூர்வமான விஷயமே அல்ல. மனச்சோர்வு நோய் என்றால் அதற்குச் சிகிச்சை இருக்கிறது, மன உறுதியால் அதைச் சரிசெய்ய வேண்டியதில்லை.

அப்படி இல்லை, இது வெறும் களைப்பும் குழப்பமும்தான் என்றால், வாருங்கள் பேசுவோம்.

தெம்பு எங்கிருந்து வரும் என்று கேட்டிருக்கிறீர்கள். அது எங்கோ ஒரு கிணற்றில் ஊறிக்கொண்டிருப்பது போலவும், சிலருக்குக் கிணறு ஆழம், உங்களுக்கு மட்டும் வற்றிவிட்டது போலவும் அந்தக் கேள்வி ஒலிக்கிறது. என் துறையான உளவியலில் நடந்த ஒரு பழைய சோதனை இதைப் பற்றி வேறு விதமாகச் சொல்கிறது. சோதனை கொடூரமானது, இன்று யாரும் அனுமதிக்க மாட்டார்கள். ஆனாலும் சொல்கிறேன்.

1967-இல் மார்ட்டின் செலிக்மன், ஸ்டீவன் மேயர் என்ற இரண்டு அமெரிக்க உளவியலாளர்கள் நாய்களைக் கட்டி வைத்து மின்னதிர்ச்சி கொடுத்தார்கள். சில நாய்கள் தலையால் ஒரு பலகையை அழுத்தினால் அதிர்ச்சி நின்றுவிடும். வேறு சில நாய்களுக்கு அதே அளவு அதிர்ச்சிதான், ஆனால் அவை என்ன செய்தாலும் நிற்காது. அடுத்த நாள் எல்லா நாய்களையும் நடுவில் ஒரு தாழ்வான தடுப்பு உள்ள பெட்டியில் விட்டார்கள். தடுப்பைத் தாண்டிக் குதித்தால் தப்பிக்கலாம். முதல் வகை நாய்கள் சீக்கிரமே குதித்தன. இரண்டாம் வகையில் பெரும்பாலானவை குதிக்கவே முயலவில்லை, படுத்து முனகின. ‘கற்றுக்கொண்ட கையறுநிலை’ என்ற சொல் அங்கிருந்து வந்தது. என்ன செய்தும் பயனில்லை என்று அவை கற்றுக்கொண்டுவிட்டன என்பது அன்றைய விளக்கம்.

பாடப் புத்தகங்கள் பெரும்பாலும் இங்கேயே கதையை முடித்துவிடும். எனக்கு முக்கியமாகப் படுவது இதற்குப் பிறகு வந்த இரண்டு செய்திகள். ஒன்று, அந்த நாய்களை எப்படிக் குணப்படுத்தினார்கள் என்பது. அடுத்த பக்கம் உணவை வைத்து ஆசை காட்டினார்கள், தடுப்பை எடுத்தார்கள், கூப்பிட்டுப் பார்த்தார்கள். எதுவும் சரியாக வேலை செய்யவில்லை. கடைசியில் கழுத்தில் வாரைக் கட்டி, நாயை இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கத்துக்கு இழுத்துப் போனார்கள். ஒரு தடவை இல்லை, பல தடவை. இழுக்க இழுக்க நாயின் எதிர்ப்பு குறைந்தது, பிறகு அது தானாகவே தாண்டத் தொடங்கியது. முதலில் கால் நகர்ந்தது, நம்பிக்கை அதற்குப் பின்னால்தான் வந்து சேர்ந்தது.

இரண்டாவது செய்தி 2016-இல் வந்தது. ஏறத்தாழ 50 ஆண்டுகள் கழித்து அதே இருவரும், இடையில் நடந்த மூளை ஆய்வுகளை வைத்து, தங்கள் பழைய விளக்கம் தலைகீழாக இருந்தது என்று எழுதினார்கள். துன்பம் நீண்டுகொண்டே போனால் அடங்கிப்போவது மூளையின் இயல்பான எதிர்வினையாம், யாரும் அதைக் கற்க வேண்டியதில்லை. ‘நான் ஒன்று செய்தால் ஒன்று மாறுகிறது’ என்பதுதான் கற்க வேண்டியது. அதைக் கற்ற மூளையில், முன்பகுதி அந்த அடங்கிப்போகும் எதிர்வினையைத் தணித்துவிடுகிறது. அறிவியலில் தன் புகழ்பெற்ற முடிவைத் தானே திருத்துகிறவர்கள் குறைவு. அதற்காகவே அவர்கள் மேல் எனக்குக் கொஞ்சம் மரியாதை உண்டு.

இதை உங்கள் கடிதத்தின் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஃப்ரீசர் பழுதானது உங்கள் கையில் இல்லை. இரண்டு ஆய்விதழ்களின் முடிவும் உங்கள் கையில் இல்லை. இரண்டரை ஆண்டுகளாக, நீங்கள் செய்ததற்கும் நடந்ததற்கும் சம்பந்தமே இல்லாதபடி பெரிய விஷயங்கள் உங்களுக்கு நேர்ந்திருக்கின்றன. அடங்கிப்போயிருக்கிறீர்கள். அது குணக்கோளாறு அல்ல, அந்த மாதிரிச் சூழலில் எந்த மூளையும் செய்வதுதான். சாதித்தவர்களுக்கு இருந்த உறுதி உங்களுக்கு இல்லை என்று எழுதியிருந்தீர்கள் அல்லவா? ‘விடாப்பிடி’ என்ற குணத்தை அளக்கும் அளவுகோலை உளவியலாளர் ஏஞ்சலா டக்வொர்த்தும் உடன் ஆய்வாளர்களும் 2007-இல் வெளியிட்டபோது உலகமே அதைப் பிடித்துக்கொண்டது. பள்ளிகள் அதைப் பாடமாகவே நடத்தின. பத்து ஆண்டு கழித்து, 2017-இல், 88 மாதிரிக் குழுக்களின் முடிவுகளைத் தொகுத்துப் பார்த்தவர்கள், இது பொறுப்புணர்வு என்று ஏற்கெனவே தெரிந்த குணத்தோடு பெரும்பாலும் ஒன்றுதான், வெற்றியை இது முன்கூட்டிச் சொல்லும் அளவும் சுமார்தான் என்று கண்டார்கள். ஆகவே உங்களிடம் இல்லாத ஏதோ ஒரு தனி உலோகம் மற்றவர்களிடம் இருக்கிறது என்ற எண்ணத்துக்கு ஆதாரம் பலவீனம்.

சரி, தெம்பை விடுங்கள். உங்கள் கடிதத்தில் என்னை நிறுத்தியது சந்தேகம்தான். அந்தச் சொல்லை நீங்கள் எழுதவே இல்லை, ஆனால் வரிக்கு வரி அது இருக்கிறது. அதை விரட்டச் சொல்லி உங்களுக்குப் பலர் சொல்லியிருப்பார்கள். நான் அதைப் பிரிக்கச் சொல்கிறேன்.

ஆய்வு செய்கிறவர்களுக்கு வரும் சந்தேகம் இரண்டு வகை. ‘இந்த மாதிரி எண்ணிக்கை இந்த முடிவைத் தாங்குமா?’, ‘இரண்டாம் அட்டவணைக்கும் நான் எழுதும் வாதத்துக்கும் தொடர்பு இருக்கிறதா?’ என்பவை ஒரு வகை. ‘நான் இதற்கு லாயக்கா?’ என்பது இன்னொரு வகை. முதல் வகைச் சந்தேகத்தைச் சோதித்துப் பார்க்கலாம், யாரிடமாவது காட்டலாம், ஒரு நாள் அதற்குப் பதில் கிடைக்கும். சொல்லப்போனால் அந்தச் சந்தேகம் வருவதற்கே ஐந்து ஆண்டுப் படிப்பு வேண்டும். புதிதாகச் சேர்ந்தவருக்கு அது வராது. இரண்டாம் வகைக்குப் பதிலே கிடையாது. எந்தச் சோதனையாலும் அதைத் தீர்க்க முடியாது. அதனால்தான் அது இரவு முழுவதும் ஓடுகிறது. வெற்றி வந்தால் தீரும் என்றும் நம்ப வேண்டாம். 1978-இல் பாலின் கிளான்ஸ், சுசான் ஐம்ஸ் என்ற இரு உளவியலாளர்கள், பட்டமும் பதவியும் பெற்ற பெண்கள் பலர் ‘எல்லாரையும் ஏமாற்றிக்கொண்டிருக்கிறேன், ஒரு நாள் மாட்டிக்கொள்வேன்’ என்ற பயத்தோடு வாழ்வதை எழுதினார்கள். அவர்கள் எல்லாரும் முடித்தவர்கள், வென்றவர்கள். சந்தேகமும் அவர்களோடு கூடவே வந்திருந்தது.

என் சொந்தக் கதை ஒன்று. நான் பயிற்சியில் இருந்த காலத்தில், எனக்கு ஒதுக்கப்பட்ட முதல் மூன்று பேரும் ஒரு தடவை வந்துவிட்டுத் திரும்ப வரவே இல்லை. ஒருவர் என்றால் தற்செயல். மூவரும் என்றால்? மேற்பார்வையாளரிடம் போய், ‘எனக்கு இந்த வேலை ஒத்துவராது போலிருக்கிறது’ என்றேன். ஆறுதல் சொல்வார் என்று எதிர்பார்த்தேன். அவர் அந்தப் பேச்சைக் காதில் வாங்கியதாகவே காட்டிக்கொள்ளவில்லை. “முதல் 15 நிமிடம் என்ன பேசினே?” என்று கேட்டார். ஒலிப்பதிவைப் போட்டுக் கேட்டோம். கேள்வி, கேள்வி, அடுத்த கேள்வி. வந்தவர் ஒரு வாக்கியத்தை முடிப்பதற்குள் நான் அடுத்ததைக் கேட்டுக்கொண்டிருந்தேன். போலீஸ் விசாரணையே தோற்றுவிடும். கேட்கும்போது எனக்கே கூச்சமாக இருந்தது, ஆனால் அன்று இரவு நன்றாகத் தூங்கினேன். ‘நான் லாயக்கா’ என்பதை ஒன்றும் செய்ய முடியாது. ‘இடையில் குறுக்கிடாமல் இருக்கிறேனா’ என்பதை அடுத்த நாளே செய்து பார்க்கலாம்.

அவர் அன்று செய்ததைத்தான் இன்றுவரை என் அறைக்கு வருகிறவர்களுக்கு நான் செய்கிறேன். இரண்டாம் வகைச் சந்தேகத்தை முதல் வகையாக மொழிபெயர்ப்பது. நீங்களும் செய்து பாருங்கள். ஒரு தாளில் நடுவே கோடு போடுங்கள். இடப்பக்கம் மனதில் ஓடுவதை அப்படியே எழுதுங்கள், ‘என் கட்டுரையை யாருமே ஏற்க மாட்டார்கள்’ என்பதுபோல. வலப்பக்கம், அதிலிருந்து சோதிக்கக்கூடிய ஒரு கேள்வியைப் பிழிந்து எடுங்கள். ‘இரண்டு ஆய்விதழ்களின் மதிப்பீட்டாளர்களும் ஒரே இடத்தைத்தான் சுட்டினார்களா?’ என்பதுபோல. ஒரே இடம் என்றால் அது திருத்த வேண்டிய இடம். வெவ்வேறு இடங்கள் என்றால் அது வேறு கதை. சில இடப்பக்க வரிகளுக்கு வலப்பக்கம் ஒன்றுமே வராது. அவற்றை அப்படியே விட்டுவிடுங்கள். அவை களைப்பு பேசுவது, தூங்கினால் பாதி அடங்கும்.

சாதித்தவர்கள் கதையைப் பற்றி உங்களோடு எனக்கும் ஒரு மனத்தாங்கல் உண்டு. விடாமல் உழைத்து வென்றவர்தான் வாழ்க்கைக் கதை எழுதுகிறார். அதே அளவு உழைத்து வெல்லாதவரிடம் யாரும் கதை கேட்பதில்லை. அதனால் உழைத்தவர் எல்லாரும் வென்றதுபோல் நமக்குத் தோன்றுகிறது. இதைச் சொல்லிவிட்டு நானே ஒரு கதையை எடுக்கிறேன், வெற்றிக்காக அல்ல, அவர் சந்தேகத்தை என்ன செய்தார் என்பதற்காக.

ஆண்ட்ரூ வைல்ஸ் என்ற கணிதவியலாளர், ஃபெர்மாவின் கடைசித் தேற்றத்தை 1986-இலிருந்து ஏறத்தாழ யாருக்கும் சொல்லாமல் உழைத்து, 1993 ஜூனில் கேம்பிரிட்ஜில் நிரூபித்துவிட்டதாக அறிவித்தார். 350 ஆண்டுக் கணக்கு தீர்ந்தது என்று செய்தித்தாள்கள் எழுதின. சில மாதங்களிலேயே, சரிபார்ப்பில், நிரூபணத்தில் ஓர் ஓட்டை இருப்பது தெரிந்தது. உலகமே பார்த்துக்கொண்டிருக்க, ஏறத்தாழ ஓர் ஆண்டு அதை அடைக்கப் போராடினார். முடியவில்லை. ஏழு ஆண்டு தனியாகவே இருந்தவர், அந்தப் போராட்டத்தின் நடுவே தன் பழைய மாணவர் ரிச்சர்ட் டெய்லரைத் துணைக்கு அழைத்தார். அப்புறமும் முடியவில்லை. கைவிடும் நிலைக்கு வந்துவிட்டார். 1994 செப்டம்பர் 19 அன்று காலை, அவர் அந்த முறையை எப்படியாவது ஓட வைக்க உட்காரவில்லை. அது ஏன் ஓடவில்லை என்பதையாவது துல்லியமாகப் புரிந்துகொள்வோம் என்றுதான் உட்கார்ந்தார். அப்போதுதான், தான் முன்பே முயன்று ஒதுக்கிவைத்த வேறொரு முறைக்குத் தேவையானது இந்தத் தோல்விக்குள்ளேயே இருக்கிறது என்று தெரிந்தது. 1995-இல் நிரூபணம் அச்சாகியது.

அன்று அவர் தோற்றிருந்தாலும், அந்தக் காலையில் அவர் கேட்டது சரியான கேள்விதான். ‘நான் ஏன் இப்படி?’ என்று அல்ல, ‘இது ஏன் இங்கே உடைகிறது?’ என்று. திரும்பி வந்த உங்கள் கட்டுரையை இப்படி ஒரு தடவை பார்த்திருக்கிறீர்களா? கடிதத்தில் அதைப் பற்றி ஒரு வரியும் இல்லாததால் கேட்கிறேன். மதிப்பீட்டாளர்களின் குறிப்புகளை முழுவதும் படித்தீர்களா, அல்லது முதல் வரியோடு மூடிவிட்டீர்களா? மூடியிருந்தால் தவறில்லை, பலரும் அதைத்தான் செய்கிறார்கள். ஆனால் இப்போது திறக்கலாம். தனியாக வேண்டாம், ஒரு நண்பரைப் பக்கத்தில் உட்கார வைத்து அவரை வாசிக்கச் சொல்லுங்கள். அதே வாக்கியம் இன்னொருவர் குரலில் பாதி விஷத்தை இழந்துவிடும்.

நான்கு ஆண்டுக் கணக்கைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் ஒன்றரை ஆண்டு பின்தங்கிவிட்டேன் என்ற குற்ற உணர்ச்சி உங்கள் முதல் வரியிலேயே இருக்கிறது. 1994-இல் வெளியான ஓர் ஆய்வில், ஆய்வேடு முடிக்கும் தறுவாயில் இருந்த உளவியல் மாணவர்களிடம் எப்போது முடிப்பீர்கள் என்று கேட்டார்கள். சராசரியாக 34 நாள் என்றார்கள். எல்லாமே படுமோசமாகப் போனால் எத்தனை நாள் என்றும் கேட்டார்கள். ஏறத்தாழ 49 நாள் என்றார்கள். உண்மையில் ஆனது சராசரி 55 நாளுக்கு மேல். படுமோசம் என்று அவர்களே கற்பனை செய்ததைவிடவும் அதிகம். தங்கள் வேலையைத் தாங்களே நன்கு அறிந்தவர்கள், முடிவுக்கு அருகில் இருந்தவர்கள், ஃப்ரீசர் எதுவும் பழுதாகாதவர்கள். ஆகவே நீங்கள் நான்கு ஆண்டுக்குப் பின்தங்கவில்லை. அந்த நான்கு ஆண்டு என்பது சேரும்போது எல்லாரும் சொல்லும் ஒரு எண், 14 மாத இழப்பையும் கழித்தால் நீங்கள் அதற்கு வெகு அருகில்தான் இருக்கிறீர்கள்.

இனி அந்த நாய் வார். உங்கள் காலை நகர்த்துவது எப்படி?

நாள் முழுவதும் உட்காராதீர்கள். இது வேடிக்கையாகத் தோன்றலாம், ஆனால் பத்து மணி நேரம் லேப்டாப் முன் உட்கார்ந்து ஒன்றும் நடக்காமல் எழுந்திருப்பது, ‘நான் எதைச் செய்தாலும் எதுவும் மாறாது’ என்ற பாடத்தை உங்கள் மூளைக்குத் தினமும் ஒருமுறை நடத்துவதுதான். அந்த வகுப்பை நிறுத்துங்கள். காலையில் ஒரு 40 நிமிடம் போதும். அந்த 40 நிமிடத்துக்கு ஒரே ஒரு வேலை, முன்கூட்டியே எழுதி வைத்தது. ‘மூன்றாம் அத்தியாயத்தைப் பார்க்க வேண்டும்’ என்பது வேலை இல்லை, அது கவலை. ‘லேப்டாப்பைத் திறந்ததும், மின்னஞ்சலைத் தொடுவதற்கு முன், முதல் அட்டவணைக்குக் கீழே அது என்ன காட்டுகிறது என்று நான்கு வரி எழுதுவேன்’ என்பது வேலை. ‘இது நடந்ததும் இதைச் செய்வேன்’ என்ற வடிவில் எழுதிவைப்பதற்கு ஒரு காரணம் உண்டு. பீட்டர் கோல்விட்சர் என்ற உளவியலாளர் இதை நெடுங்காலம் ஆராய்ந்தவர். 2006-இல் அவரும் பாஸ்கல் ஷீரனும் 94 சோதனைகளைத் தொகுத்துப் பார்த்தபோது, வெறும் எண்ணத்தைவிட இந்த வடிவம் கணிசமான பலன் தருவது தெரிந்தது. எப்போது தொடங்குவது என்ற முடிவை ஒவ்வொரு நாளும் புதிதாக எடுக்க வேண்டியதில்லை. களைத்தவருக்கு அந்த முடிவுதான் பெரிய பாரம்.

எழுதியது நன்றாக இருக்கிறதா என்று பார்க்காதீர்கள். எழுதினீர்களா, இல்லையா, அவ்வளவே. 40 நிமிடம் முடிந்ததும் எழுந்துவிடுங்கள், வேகம் பிடித்திருந்தாலும் சரி. முதல் வாரம் கட்டாயம் எழுந்துவிடுங்கள். இரண்டாம் வாரம் நேரத்தைக் கூட்டலாமா என்று யோசிக்கலாம். ஒரு நாள் தவறும். தவறியே தீரும். அன்றைக்கு உங்களை நீங்களே திட்டிக்கொள்வீர்கள், திட்டாவிட்டால் சோம்பேறியாகிவிடுவோம் என்ற பயம் உங்களுக்கு இருக்கும். கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் ஜூலியானா பிரைன்ஸ், செரீனா சென் இருவரும் இதையே சோதித்து 2012-இல் வெளியிட்டார்கள். மாணவர்களுக்குக் கடினமான சொற்தேர்வு வைத்தார்கள், பெரும்பாலும் சறுக்கினார்கள். தன் மேல் கொஞ்சம் பரிவோடு இருக்கச் சொல்லப்பட்டவர்கள், அடுத்த தேர்வுக்கு மற்றவர்களைவிட அதிக நேரம் படித்தார்கள். திட்டு வாங்கியவர் புத்தகத்தையே பார்க்கப் பயப்படுவார், அது நமக்கு வீட்டிலிருந்தே தெரிந்த விஷயம்தானே.

நெறியாளர். இதுதான் கடிதத்திலேயே எனக்கு மிகவும் கவலை தந்த இடம். ஆறு வாரமாகத் தவிர்க்கிறீர்கள். தவிர்க்கத் தவிர்க்க, அடுத்து அவரைப் பார்க்கும்போது காட்ட வேண்டியதன் அளவு உங்கள் மனதில் பெருகிக்கொண்டே போகிறது. முதல் வாரத்தில் ஒரு பக்கம் போதும் என்று இருந்தது, இப்போது ஒரு முழு அத்தியாயம் இல்லாமல் அவர் முன் நிற்க முடியாது என்று ஆகியிருக்கும். எட்டாம் வாரம் முழு ஆய்வேடே வேண்டியிருக்கும். இன்றைக்கே ஒரு மின்னஞ்சல் அனுப்புங்கள். எழுத வரவில்லை என்றால் இதை எடுத்துக்கொள்ளுங்கள்:

‘வணக்கம். கட்டுரை இரண்டாம் முறை திரும்பி வந்ததிலிருந்து வேலை நகரவில்லை. அதனால் உங்களைச் சந்திப்பதையும் தவிர்த்துவந்தேன், மன்னிக்கவும். மூன்றாம் அத்தியாயத்தின் முதல் இரண்டு அட்டவணைகளையும் அவற்றுக்கு எழுதியிருக்கும் குறிப்புகளையும் வெள்ளிக்கிழமை கொண்டுவருகிறேன். 20 நிமிடம் கிடைக்குமா? இந்த வரிசை சரியா என்பதுதான் என் கேள்வி.’

கவனியுங்கள், இதில் சாக்கு இல்லை, கதையும் இல்லை. அவரால் 20 நிமிடத்தில் பதில் சொல்லக்கூடிய ஒரு கேள்வி மட்டும் இருக்கிறது. அவர் கடிந்துகொள்ளலாம். கடிந்துகொண்டாலும் அது 20 நிமிடத்தில் முடியும், இப்போது உங்கள் மனதுக்குள் நடப்பதோ ஆறு வாரமாக முடியவில்லை.

இனி விடுவதா வேண்டாமா என்பது. விடுவதைத் தோல்வி என்று நான் நினைக்கவில்லை. எட்ட முடியாத இலக்கை விட்டுவிட்டு வேறொன்றைப் பற்றிக்கொள்ளத் தெரிந்தவர்கள், விடவே தெரியாதவர்களைவிட மனநிம்மதியோடு இருப்பதைக் கார்ஸ்டன் ராஷ் என்ற உளவியலாளரும் உடன் ஆய்வாளர்களும் 2003-இலிருந்து காட்டிவருகிறார்கள். அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகரும் என்போம். நகர்ந்தால் என்ன செய்வதாக உத்தேசம் என்று அந்தப் பழமொழி கேட்பதில்லை.

உங்கள் அம்மா சொல்வதில் ஒரு பொறி இருக்கிறது. ‘இவ்வளவு தூரம் வந்துட்டு’ என்பது. 1985-இல் ஹால் ஆர்க்ஸ், கேத்தரின் புளூமர் என்ற இரு ஆய்வாளர்கள் ஒரு கேள்வி கேட்டார்கள். இரண்டு சுற்றுலாக்களுக்குச் சீட்டு வாங்கிவிட்டீர்கள், இரண்டும் ஒரே நாளில் வந்துவிட்டன, பணம் திரும்பக் கிடைக்காது. ஒன்று விலை அதிகம், மற்றது விலை குறைவு, ஆனால் அதுதான் அதிகச் சந்தோஷம் தரும். எதற்குப் போவீர்கள்? பாதிக்கும் மேற்பட்டவர்கள் விலை அதிகமான, சந்தோஷம் குறைந்த சுற்றுலாவைத் தேர்ந்தெடுத்தார்கள். போன பணம் இரண்டிலும் போனதுதான். உங்கள் ஐந்தரை ஆண்டும் அப்படித்தான், தொடர்ந்தாலும் திரும்பாது, விட்டாலும் திரும்பாது. அப்பா சொல்வதிலும் வேறொரு பொறி உண்டு. மகள் வாடுவதைப் பார்க்க அவருக்குத் தாங்கவில்லை, அது அவர் வலி. அந்த வலி நிற்க வேண்டும் என்பதற்காக முனைவர் பட்டத்தை விடச் சொல்கிறார். இருவரும் உங்கள் மேல் உள்ள பாசத்தில்தான் பேசுகிறார்கள். ஆனால் மூன்றாம் அத்தியாயத்தைப் பற்றி இருவருக்கும் ஒன்றும் தெரியாது.

ஆகவே கேள்வியை இப்படி வைத்துக்கொள்ளுங்கள். கடந்த ஐந்தரை ஆண்டு நடக்கவே இல்லை, மீதமிருக்கும் வேலை மட்டும், கையில் இருக்கும் தரவுகளோடு, யாரோ இன்று உங்களிடம் கொண்டுவந்து ‘இதை முடிப்பாயா?’ என்று கேட்கிறார்கள். எடுத்துக்கொள்வீர்களா? இதற்கு இன்று பதில் சொல்ல வேண்டாம். இன்றைய களைப்பில் எதைக் கேட்டாலும் மாட்டேன் என்றுதான் வரும். நாட்காட்டியில் 12 வாரம் தள்ளி ஒரு தேதியைக் குறியுங்கள். அன்று காலையில், இரவில் அல்ல, இந்தக் கேள்விக்குப் பதில் எழுதுவீர்கள். அதுவரை தொடர்வதா விடுவதா என்று யோசிக்கத் தடை. எண்ணம் வந்தால், அதற்குத் தேதி கொடுத்தாயிற்று என்று சொல்லிவிட்டு அடுத்த வேலைக்குப் போங்கள். தேதியோடு சேர்த்து இரண்டு நிபந்தனைகளையும் இன்றே எழுதிவையுங்கள், பிறகு மனநிலைக்கேற்ப மாற்ற முடியாதபடி. என் யோசனை: ஒன்று, மூன்றாம் அத்தியாயம் நெறியாளர் கையில் இருக்க வேண்டும். இரண்டு, மீதமுள்ள வேலை எத்தனை மாதம் என்று அவர் வாயால் ஓர் எண் வந்திருக்க வேண்டும், அந்த எண்ணை நீங்கள் ஒன்றரையால் பெருக்கிக்கொள்ள வேண்டும். அந்தப் பெருக்கிய எண்ணைப் பார்த்துவிட்டு விடுவது என்று முடிவெடுத்தால், தலை நிமிர்ந்து விடலாம். தொடர்வது என்றாலும் அது அம்மாவுக்காக இருக்காது.

தேதியை வீட்டிலும் சொல்லிவிடுங்கள். “அதுவரை இதைப் பற்றிப் பேச வேண்டாம்ப்பா, அன்னைக்கு நானே சொல்றேன்” என்றால் இருவருக்கும் ஒரு நிம்மதிதான். அம்மாவுக்கு ஒரு வேலை கொடுங்கள், காலையில் அந்த 40 நிமிடம் முடிந்ததா என்று மட்டும் கேட்கச் சொல்லி. வேறு எதையும் கேட்கக் கூடாது என்ற நிபந்தனையோடு.

மின்னஞ்சலை அனுப்பிய பிறகு, நெறியாளர் என்ன பதில் சொன்னார் என்று எனக்கும் இரண்டு வரி எழுதுங்கள். நாளைக் காலை முதல் அட்டவணைக்கு நான்கு வரி. மூன்றாம் அத்தியாயத்தின் தலைப்பு, நான்காவது தடவை என்னவாக மாற்றினீர்களோ, அதுவே இருக்கட்டும்.